கொலம்பஸ், டாம்பியர், குக் எழுதினதுல எந்த வரியை நம்பலாம்?

கொலம்பஸ் தொடங்கி கேப்டன் குக் வரைக்கும் ஐரோப்பிய கடலோடிங்க பூர்வகுடி மக்களைப் பத்தி எழுதி வச்சதை நம்பலாமா, ஒரு பக்கத்துல சாதுவான ஜனங்கன்னு இருக்கு, அடுத்த பக்கத்துல மனுசனைத் தின்னுறவங்கன்னு இருக்கு, இதெல்லாம் சரித்திரமா கட்டுக்கதையான்னு கேட்டிருக்கீங்க. கேள்வியைத் திரும்பப் படிச்சப்போ உங்களுக்கு வேண்டியது ஆமா இல்லைன்னு ஒத்தை வார்த்தைப் பதில் இல்லைன்னு தோணுச்சு. அந்தப் புத்தகங்களைக் கையில எடுத்தா எந்த வரியில நின்னு யோசிக்கணும், எந்த வரியைத் தைரியமா எடுத்துக்கலாம், அதை எப்படிப் பிரிச்சுப் பாக்குறது, இதைத்தான் கேக்குறீங்கன்னு எடுத்துக்கிட்டு எழுதுறேன், கொஞ்சம் நீளமாப் போகும்.

நான் காலேஜ்ல வரலாறு நடத்தினவன். எம்.ஏ. பசங்களுக்கு மூல ஆவணங்களை எப்படி வாசிக்கிறதுன்னு ஒரு பேப்பர் ரொம்ப வருஷம் எடுத்திருக்கேன், அதுல பாதி இந்தப் பயணக் குறிப்புங்கதான். டாம்பியரையும் குக்கையும் அவங்க எழுதின இங்கிலீஷ்லயே படிச்சிருக்கேன், கொலம்பஸ், பிகாஃபெட்டா, லெரி எல்லாம் மொழிபெயர்ப்புலதான், அதனால அவங்களோட சொல் நுணுக்கத்துக்குள்ள நான் போகல. இத்தனை வருஷம் படிச்சதுல எனக்கு உறுதியாத் தெரிஞ்சது இதுதான்: ஒரு புத்தகத்தை மொத்தமா நம்புறதும் தப்பு, மொத்தமாத் தள்ளுறதும் தப்பு, ஏன்னா ஒரே பாராவுக்குள்ளயே நம்ப வேண்டிய வரியும் நம்பக்கூடாத வரியும் பக்கத்துல பக்கத்துல உக்காந்திருக்கும்.

கொலம்பஸையே எடுத்துக்குவோம். 1492 அக்டோபர் 12, இன்னைக்கு பஹாமாஸ்னு சொல்ற இடத்துல குவானஹானிங்கிற தீவுல இறங்குறார் (அது எந்தத் தீவுங்கிற சண்டை இன்னும் ஓயல). அன்னைக்குக் குறிப்புல ஒரு இடம் வரும். சில பேர் உடம்புல காயத் தழும்பு இருந்துச்சு, என்னன்னு சைகையில கேட்டேன், பக்கத்துத் தீவுங்கள்ல இருந்து ஆளுங்க வந்து எங்களைப் பிடிக்கப் பாக்குறாங்க, நாங்க எதிர்த்து நிக்கிறோம்னு சைகையிலயே காட்டுனாங்க, வர்றவங்க பெருநிலத்துல இருந்து அடிமை பிடிக்க வர்றவங்கன்னு நான் நினைச்சேன், இப்பவும் அப்படித்தான் நினைக்கிறேன். இதுதான் சாரம். இதுக்குள்ள மூணு தனித்தனி சரக்கு இருக்கு. தழும்பு அவர் கண்ணால பாத்தது, அதுல பொய் சொல்ல அவருக்குக் காரணமே இல்ல, எடுத்துக்கலாம். சைகைக்கு அவர் சொல்ற அர்த்தம் பாதி பாதி, ஏன்னா அன்னைக்குத்தான் முதல்முறையா ரெண்டு தரப்பும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பாக்குது. ‘பெருநிலம்’ங்கிறது முழுக்க அவர் மண்டையில இருந்து வந்தது, அவர் ஆசியா பக்கத்துலதான் இருக்கணும்னு முடிவு பண்ணிட்டுக் கிளம்பினவர். மொழிபெயர்ப்புக்குன்னு கூட்டிட்டுப் போன லூயிஸ் தெ தோரெஸுக்குத் தெரிஞ்சது ஹீப்ரு, அரமாயிக், கொஞ்சம் அரபி. டைனோங்கிற அந்தத் தீவு ஜனங்ககிட்ட அந்த மூணும் எதுக்கும் உதவல.

பாத்தது, சைகையில கேட்டது, தானா நினைச்சுக்கிட்டது. இந்த மூணையும் பென்சில்ல பிரிச்சுக் கோடு போட்டுப் படிச்சீங்கன்னா பாதி வேலை முடிஞ்சுது. அடுத்த நாள் குறிப்புல அந்த ஜனங்களோட படகைப் பத்தி எழுதுறார், ஒரே மரத்தைக் குடைஞ்சு செஞ்சது, பெருசுல நாப்பது நாப்பத்தஞ்சு பேர் போலாம், ரொட்டி சுடுறவன் அடுப்புல விடுற தட்டைக் கரண்டி மாதிரி துடுப்பு, கவுந்துட்டா எல்லாரும் நீந்தி அதை நிமித்தி, கொண்டு வந்த சுரைக்குடுக்கையால தண்ணியை இறைச்சிடுறாங்கன்னு. ஒரு மாலுமி இன்னொரு மாலுமியோட படகைப் பாத்து எழுதினது அது, அப்படியே எடுத்துக்கலாம். அதுக்கு அடுத்த நாள், 14ஆம் தேதி, நாங்க வானத்துல இருந்து வந்தவங்கன்னு அந்த ஜனங்க நம்புறாங்கன்னு எழுதுறார். வந்து ரெண்டு நாள், ஒரு வார்த்தை தெரியாது, வானம் பூமி சாமி பத்தின அவங்க நம்பிக்கை எப்படித் தெரிஞ்சுது? அதே நாள்ல அம்பது பேர் போதும், இவங்க எல்லாரையும் அடக்கி நாம சொல்றதைச் செய்ய வைக்கலாம்னும் எழுதுறார். அந்த வரி டைனோ ஜனங்களைப் பத்தி எதுவும் சொல்லல, எழுதினவரோட மனசுல என்ன ஓடுச்சுன்னு சொல்லுது, அந்த விஷயத்துக்கு அதைவிட உறுதியான சாட்சி கிடைக்காது.

இன்னொண்ணும் தெரிஞ்சு வச்சுக்கணும், கொலம்பஸ் எழுதின அந்த மூல டைரி இன்னைக்கு இல்ல. ராணி இசபெல்லாகிட்ட கொடுத்தது தொலைஞ்சு போச்சு, அதைப் பாத்து எழுதின பிரதியும் தொலைஞ்சு போச்சு. நம்மகிட்ட இருக்கிறது பார்த்தொலொமே தெ லாஸ் காசாஸ்ங்கிற பாதிரியார் ஒரு பிரதியைப் பாத்துச் சுருக்கி எழுதி வச்சது, சில இடத்துல ‘அட்மிரல் சொல்றார்’னு படர்க்கையில, சில இடத்துல கொலம்பஸோட சொந்த வார்த்தையிலயே. அதுவும் 1790 வாக்குலதான் கண்ணுல பட்டுச்சு, அச்சுக்கு வந்தது 1825ல. லாஸ் காசாஸ் பூர்வகுடிங்களுக்காக ராஜாகிட்ட வாதாடினவர், அவங்களைச் சாதுன்னு காட்டுற வரிகளை அவர் முழுசா எடுத்து எழுதி, மத்ததைச் சுருக்கியிருக்கலாம்னு சந்தேகப்படுறவங்க உண்டு. திரிச்சாருன்னு சொல்றதுக்கு ஆதாரம் இல்ல, ஆனா தேர்ந்தெடுத்தாருங்கிறது நிச்சயம், சுருக்கம்னாலே தேர்ந்தெடுக்குறதுதானே. அப்போ ஐரோப்பா முழுக்கப் படிச்சது இந்த டைரியை இல்ல, 1493ல பார்சிலோனாவுல அச்சான கொலம்பஸோட சின்னக் கடிதத்தைத்தான். அடுத்த பயணத்துக்குக் காசு வாங்க எழுதின கடிதம் அது, கடன் கேக்கப் போறவன் தன் தோட்டத்து விளைச்சலைச் சொல்ற மாதிரி தங்கமும் பஞ்சும் அடங்கிப் போற ஜனமும் அதுல நிறைஞ்சு கிடக்கும்.

இப்போ நரமாமிசத்துக்கு வர்றேன், உங்க கேள்வியோட முள்ளு அதுலதான் இருக்கு. 1492 நவம்பர் 29, கியூபா கரை. கொலம்பஸோட ஆளுங்க ஒரு வீட்டுக்குள்ள போறாங்க, ஒரு மனுசத் தலையைக் கூடையில வச்சு, இன்னொரு கூடையால மூடி, கம்பத்துல தொங்க விட்டிருக்கு. இன்னொரு ஊர்லயும் அதே மாதிரி ஒண்ணு. கொலம்பஸ் என்ன முடிவுக்கு வர்றார்னா, இது அந்தக் குடும்பத்தோட பெரியவங்க யாரோட தலையாவோ இருக்கும்னு. ரொம்ப நிதானமான ஊகம். அடுத்த வருஷம், 1493 நவம்பர், குவாதலூப் தீவு, ரெண்டாவது பயணம். கப்பல் வைத்தியர் தியேகோ அல்வாரெஸ் சாங்கா கடிதம் எழுதுறார், ஒரு வீட்டுல இருந்து மனுசக் கை கால் எலும்பு நாலஞ்சு கிடைச்சுது, பாத்ததுமே இது மனுசனைத் தின்னுற கரீப் ஜனங்களோட தீவுன்னு புரிஞ்சு போச்சுன்னு. ரெண்டு இடத்துலயும் வீட்டுக்குள்ள மனுச எலும்புதான். சாதுன்னு முதல்லயே முடிவு பண்ணின தீவுல அது முன்னோர், பயந்துக்கிட்டே இறங்கின தீவுல அது சாப்பாட்டு மிச்சம். சாங்கா அதே கடிதத்துல இன்னும் கோரமா, பானையில வெந்துட்டிருந்த மனுசக் கழுத்தைப் பத்தியும் சொல்றார், அதனால கரீப் விஷயத்தை நான் பொய்யின்னு மூடிட மாட்டேன். ஆனா எலும்பு இருந்துச்சுங்கிறதைத் தாண்டி அந்த எலும்பு எதையும் நிரூபிக்கல.

அதுக்கப்புறம் 1503ல என்ன நடக்குதுன்னு பாருங்க. நரமாமிசம் திங்கிற கரீப் ஜனங்க அடங்கலன்னா அவங்களைப் பிடிச்சு அடிமையா விக்கலாம்னு ராணி இசபெல்லா உத்தரவு போடுறார். மத்த ஜனங்களை அடிமையாக்கக் கூடாது, இவங்களை ஆக்கலாம். அந்த நாள்ல இருந்து ஒரு தீவு ஜனம் மனுசனைத் தின்னுதுன்னு எழுதினா கையில காசு வரும். 1503க்கு அப்புறம் கரீபியன் பக்கத்துல இருந்து வந்த நரமாமிசச் செய்தி எதைப் படிச்சாலும் இதை மறக்கக்கூடாது. எழுதினவனுக்கு அந்த வரியால என்ன லாபம்னு கேட்டுப் பாக்காம மேல போகாதீங்க.

அதே சமயம் ‘நரமாமிசமே ஐரோப்பாக்காரன் கட்டிவிட்ட பொய்’னு சொல்ற கட்சியும் இருக்கு, 1979ல வில்லியம் அரென்ஸ்ங்கிற மானிடவியலாளர் கிட்டத்தட்ட அப்படியே எழுதினார், சடங்கா நடந்த நரமாமிசத்துக்கு நேர்ல பாத்த நல்ல சாட்சியே இல்லைன்னு. அது தேவையான உலுக்கல், ஆனா பிரேசில் கரையில இருந்த துப்பினாம்பா ஜனங்க விஷயத்துல அவர் சொன்னது நிக்கலைங்கிறது என் கருத்து, இந்தத் துறையில நிறைய பேரோட கருத்தும் அதுதான். அங்க ஜெர்மன்காரர் ஹான்ஸ் ஸ்டாடன் மாட்டிக்கிட்டு மாசக்கணக்குல கைதியா இருந்து தப்பிச்சு 1557ல மார்பர்க்ல புத்தகம் போட்டார். பிரெஞ்சுக்காரர் ழான் தெ லெரி 1550களோட கடைசியில ரியோ பக்கத்து வளைகுடாவுல இருந்துட்டுப் போய் 1578ல எழுதினார், அவர் புராட்டஸ்டண்ட். போர்ச்சுகீஸ் ஜேசுயிட் பாதிரிங்க தனியாக் கடிதம் எழுதிட்டு இருந்தாங்க, அவங்க கத்தோலிக்கர். இவங்கல்லாம் ஒருத்தருக்கொருத்தர் ஆகாதவங்க, ஒருத்தர் சொன்னதை இன்னொருத்தர் காப்பாத்தணும்னு எந்த அவசியமும் இல்லாதவங்க, இருந்தும் போர்க்கைதியைக் கொண்டு வந்து மாசக்கணக்குல ஊருக்குள்ள வச்சிருந்து, பொண்ணு கொடுத்து, அப்புறம் ஊர் கூடிச் சடங்கா அடிச்சுக் கொன்னு பகிர்ந்துக்கிற முறையை ஒரே மாதிரி சொல்றாங்க. பசிக்காக இல்ல, பழிக்குப் பழியாங்கிறதையும் லெரி அழுத்திச் சொல்றார். பகையாளிங்க தனித்தனியா ஒரே விவரத்தைச் சொன்னா அதுக்கு எடை ஜாஸ்தி. ஸ்டாடன் எழுதினதுல கடவுள் என்னைக் காப்பாத்தினார்ங்கிற பக்தி நிறைய இருக்கும், மார்பர்க் பேராசிரியர் டிரையாண்டர் முன்னுரை எழுதினார், உள்ளயும் கை வச்சிருப்பாரோன்னு சந்தேகம் இருக்கு, அதையெல்லாம் கழிச்சாலும் நடு விஷயம் அசையல. லெரி இன்னொரு காரியம் பண்றார், அது எனக்கு ரொம்பப் பிடிக்கும். 1572ல பிரான்ஸ்ல புனித பர்த்தலோமியோ நாள் படுகொலையில கிறிஸ்தவனே கிறிஸ்தவனை என்ன பண்ணினான்னு எடுத்து வச்சு, காட்டுமிராண்டின்னு யாரைச் சொல்றதுன்னு தன் ஊர்க்காரங்களையே நேரடியாக் கேக்குறார். நீங்க கூகுள்ல பாக்குற, ஆளைக் கூறு போட்டு வாட்டுற கோரமான படங்கள் இருக்கே, அதுல பெரும்பாலானது தெயொடோர் தெ ப்ரை குடும்பம் 1590கள்ல ஃப்ராங்க்ஃபர்ட்ல அச்சடிச்சது, தெ ப்ரை அமெரிக்காவை எட்டிக்கூடப் பாத்ததில்ல. படத்தைச் சாட்சியா எடுக்கவே எடுக்காதீங்க.

பிகாஃபெட்டா கதை வேற தினுசு. மெகல்லன் கூடப் போன இத்தாலிக்காரர், 1520ல தென் அமெரிக்காவோட தெக்குக் கோடியில சான் ஹூலியான் துறையில குளிர்காலத்துக்குத் தங்கினப்போ ஒரு ராட்சசனைப் பாத்தோம், எங்கள்ல உயரமானவனே அவன் இடுப்புக்குத்தான் வந்தான்னு எழுதினார். ஐரோப்பாவுல 250 வருஷம் பட்டகோனிய ராட்சசர் கதை ஓடுச்சு. 1766ல கேப்டன் வாலிஸ் போய் அளவுகோல் வச்சே அளந்து பாத்தார், முக்கால்வாசிப் பேர் அஞ்சடி பத்து அங்குலத்துல இருந்து ஆறடி, அதிகபட்சம் ஒருத்தர் ஆறடி ஏழு அங்குலம். நல்ல உயரமான ஜனங்க, அன்னைக்கு ஐரோப்பிய மாலுமிங்க குட்டையானவங்க, அதுல ஒரு உண்மை இருக்கு, மிச்சம் ஊதினது. ஆனா இந்த ஊதலைப் பாத்துட்டு பிகாஃபெட்டாவைத் தூக்கிப் போட்டா பெரிய நஷ்டம். அதே ஆளுதான் அந்த ஜனங்கள்ல ரெண்டு பேரை எப்படிப் பிடிச்சாங்கன்னு ஒளிக்காம எழுதி வச்சார். ரெண்டு கையும் நிறைய கத்தி, கண்ணாடி, மணின்னு கொடுத்து, கை கொள்ளாம ஆனதும் இரும்பு விலங்கைக் காட்டி, இதைக் காலுல போட்டு விடுறோம்னு சைகை காட்டிப் பூட்டிட்டாங்க, விஷயம் புரிஞ்சதும் அவங்க காளை மாதிரி கதறி, தங்களோட தெய்வத்தைக் கூப்பிட்டு உதவி கேட்டாங்கன்னு. தன் கேப்டன் பண்ணின துரோகத்தை எழுதுறதால அவருக்கு ஒரு லாபமும் இல்ல. அப்படி வர்ற வரிகளுக்கு நான் எப்பவும் கூடுதல் மதிப்பெண் போடுவேன்.

அப்புறம் அந்தக் கப்பல்ல நடந்தது. பிடிபட்ட ஒருத்தர் பிகாஃபெட்டாகிட்ட ரொட்டி கேட்டார், தண்ணி கேட்டார், இவர் அந்தச் சொற்களை எழுதிக்கிட்டதைப் பாத்தார். அடுத்து இவர் பேனாவைப் பிடிச்சுக்கிட்டு வேற பொருளைக் காட்டினதும், என்ன கேக்குறார்னு அந்த மனுசர் புரிஞ்சுக்கிட்டு ஒவ்வொண்ணா சொல்லிக் கொடுத்திருக்கார். அப்படிச் சேர்ந்த தொண்ணூறு வாக்குல சொற்கள் இருக்கு, அந்தப் பக்கத்து ஜனங்களோட தெஹுவெல்சே மொழி தெரிஞ்ச ஆய்வாளருங்க அதுல நிறைய சொல்லை அடையாளம் கண்டுக்க முடியுது. அவர் நோயில கிடந்து கப்பல்லயே செத்துப் போனார், பவுல்னு ஞானஸ்நானம் கொடுத்ததாவும் எழுதியிருக்கு, அவரோட சொந்தப் பேரு என்னன்னு எங்கயும் இல்ல. உயரத்துல பொய் சொன்ன அதே கை எழுதின சொல் பட்டியல் உண்மையா நிக்குது.

டாம்பியரையும் குக்கையும் சேத்துத்தான் படிக்கணும், ஏன்னா ஒருத்தர் எழுதினது அடுத்தவர் கண்ணை எப்படிக் கெடுக்கும்னு அங்க நல்லாத் தெரியும். இங்கிலீஷ் கடலோடி வில்லியம் டாம்பியர் 1688 ஜனவரியில ஆஸ்திரேலியாவோட வடமேற்குக் கரையில இறங்கினார், 1697ல லண்டன்ல புத்தகம் போட்டார், அந்த நாட்டு ஜனங்கதான் உலகத்துலயே ரொம்பப் பரிதாபமானவங்க, உருவத்தைத் தவிர மிருகத்துக்கும் அவங்களுக்கும் பெரிய வித்தியாசம் இல்லைன்னு அச்சுல வந்துச்சு. பிரிட்டிஷ் நூலகத்துல அவரோட பழைய கையெழுத்துப் பிரதி ஒண்ணு இருக்கு, அதுல தொனி ரொம்ப மிதமா இருக்கு, நல்ல உடல்வாகு, ஆனா மெலிஞ்சவங்க, சாப்பாடு பத்தாததால இருக்கலாம்ங்கிற மாதிரி. இடையில கூட்டினது டாம்பியரே விக்கணும்னு பண்ணினதா, பதிப்பிச்சவங்க கையாங்கிறது உறுதியில்ல. ஆனா அச்சுப் புத்தகமும் கையெழுத்துப் பிரதியும் ஒண்ணு இல்லைங்கிறது உறுதி.

அச்சுப் புத்தகத்துலயே அந்த ‘பரிதாபமான’ ஜனங்க என்ன செஞ்சாங்கன்னு பாருங்க. கடல் உள்ள வர்ற சின்னச் சின்ன ஓடைக்குக் குறுக்க கல்லை அடுக்கி அணை மாதிரி கட்டி வச்சிருக்காங்க, ஏத்தத்துல உள்ள வர்ற மீன் வத்தும்போது மாட்டிக்கும், கிடைச்சதை வயசானவங்க குழந்தைங்க எல்லாருக்கும் பங்கு வைக்கிறாங்க, கொஞ்சமா கிடைச்சாலும் நிறைய கிடைச்சாலும் பங்கு உண்டு. இது டாம்பியரே எழுதினது. கடலோட ஏத்த வத்தக் கணக்கைத் தெரிஞ்சு கட்டின மீன்பிடி அமைப்பு, பங்கீட்டு முறை, ரெண்டையும் கண்ணால பாத்து எழுதிட்டு, அதுக்கு மேல ‘மிருகம் மாதிரி’ன்னு ஒரு தீர்ப்பை ஒட்டுறார். தீர்ப்பைக் கிழிச்சுப் போட்டாலும் கல்லணை அங்கயேதான் இருக்கும்.

இன்னொரு காட்சி. கப்பலுக்குத் தண்ணி சுமக்க இவங்களை வேலை வாங்கலாம்னு டாம்பியர் கூட்டத்துக்கு ஆசை. பழைய சட்டை, கால்சட்டை எல்லாம் கொடுத்துப் போட்டு விட்டாங்க, துணியைப் பாத்து மயங்கி உற்சாகமா வேலை செய்வாங்கன்னு. சின்னப் பீப்பாய்களைத் தோள்ல தூக்கி வச்சாங்க. அவங்க அசையாம செலை மாதிரி நின்னு ஒருத்தரை ஒருத்தர் பாத்துச் சிரிச்சாங்களாம், அப்புறம் அந்தத் துணியைப் பத்திரமாக் கழட்டிக் கீழ வச்சுட்டாங்க. தண்ணியை மாலுமிங்களே சுமந்தாங்க. டாம்பியருக்கு இது அந்த ஜனங்களோட மந்தத்துக்கு அத்தாட்சி. எனக்கு இதுல ரொம்பத் தெளிவான ஒரு ‘முடியாது’தான் கேக்குது. அது என் வாசிப்பு, அவங்க மனசுல என்ன இருந்துச்சுன்னு அடிச்சுச் சொல்ல வழியில்ல. ஆனா அவங்க துணியைக் கழட்டி வச்சாங்க, சுமக்கலைங்கிற செயல் ரெண்டும் நிச்சயம். பொதுவா இந்த மாதிரி எழுத்துல செயலை நம்புங்க, குணச் சித்திரத்தை நம்பாதீங்க.

82 வருஷம் கழிச்சு, 1770 ஏப்ரல்ல குக்கோட எண்டெவர் கப்பல் ஆஸ்திரேலியாவோட கிழக்குக் கரைப் பக்கம் வருது. தூரத்துல கரையில ஆளுங்க தெரியுறாங்க, கூட வந்த தாவர ஆராய்ச்சியாளர் ஜோசஃப் பேங்க்ஸ் தன் டைரியில ரொம்ப நேர்மையா ஒண்ணு எழுதுறார்: டாம்பியர் எழுதினதைப் படிச்ச தப்பெண்ணம் எங்களுக்குள்ள எவ்வளவு ஊறிப் போச்சுன்னா, அங்க தெரியுறது மனுசங்கதானான்னே சரியாத் தெரியாத தூரத்துலயே அவங்க நிறம் தெரியுற மாதிரி எங்களுக்குத் தோணுச்சுன்னு. என் வகுப்புல முதல் நாள் நான் படிச்சுக் காட்டுறது இந்த இடத்தைத்தான்.

ஒரு வாரத்துல பாட்டனி விரிகுடாவுல இறங்கப் போறாங்க. அந்த இடத்துப் பூர்வகுடிங்களான குவியகல் ஜனங்கள்ல ரெண்டே ஆம்பளைங்க கரையில ஈட்டியோட நின்னு வராதேன்னு தடுக்குறாங்க. பேசிப் பாக்க டஹீட்டி பக்கத்துல இருந்து கூட்டிட்டு வந்த துப்பாயாங்கிற மாலுமி இருந்தார், நியூசிலாந்துல மாவோரிங்ககிட்ட அவர் பேச்சு எடுபட்டுச்சு, இங்க ஒரு வார்த்தை எடுபடல. குக் துப்பாக்கியால சுடுறார், அவங்க பின்வாங்கி ஈட்டிக் கட்டை எடுக்கப் போறாங்க, ஒருத்தர் கல்லை எறியுறார், மறுபடி சுட்டதுல ஒருத்தர் மேல சின்னச் சின்ன ஈயக்குண்டு படுது, அவர் ஓடல, கேடயத்தை எடுத்துட்டு வர்றார். இதெல்லாம் குக் தன் கையால எழுதினது. குடிசையில இருந்த குழந்தைங்ககிட்ட பாசிமணி போட்டுட்டு, கிடைச்ச ஈட்டியெல்லாம் அள்ளிட்டு வந்துட்டாங்க. அடுத்த நாள் பாத்தா மணி போட்ட இடத்துலயே கிடக்கு. நாங்க போயிடணும், அவங்களுக்கு வேண்டியது அவ்வளவுதான்னு தோணுதுன்னு குக் எழுதுறார். அந்த ஈட்டிங்கள்ல நாலு கேம்பிரிட்ஜ்ல டிரினிட்டி காலேஜ் வசம் இருந்து, 2024லதான் அந்த மக்கள்கிட்ட திரும்பிப் போச்சு. குறிப்புல ஈட்டி எடுத்தோம்னு இருந்த வரிக்கு மரத்துலயே சாட்சி.

குக் எழுதினதுலயும் ஜாக்கிரதை வேணும். ஆகஸ்ட்ல கிளம்பும்போது, இவங்க உலகத்துலயே பரிதாபமானவங்க மாதிரி தெரியலாம், உண்மையில ஐரோப்பியர்களைவிட ரொம்ப சந்தோஷமா இருக்காங்கன்னு ஒரு பெரிய பத்தி எழுதுறார், டாம்பியருக்கு மறுப்பு மாதிரி. கேக்க நல்லா இருக்கு, ஆனா அதுவும் ஒரு தீர்ப்புதான், அந்தக் காலத்து ஐரோப்பாவுல ஓடிட்டிருந்த ‘இயற்கையோட வாழுற நல்ல மனுசன்’ங்கிற எண்ணம் அதுல கலந்திருக்கு. அந்த மாசமேதான் அந்தக் கிழக்குக் கரை மொத்தத்தையும் ராஜா பேர்ல எடுத்துக்கிட்டதா அறிவிச்சார். இன்னொண்ணு, 1773ல வெளிவந்த புத்தகம் ஹாக்ஸ்வொர்த்ங்கிற எழுத்தாளர் குக்கையும் பேங்க்ஸையும் கலந்து மெருகேத்தினது, குக்கோட சொந்தக் குறிப்பு 1893லதான் அச்சாச்சு. நீங்க படிக்கிறது எந்தப் பதிப்புன்னு பாத்துக்கங்க.

நம்பாம விட்டு ஏமாந்த கதையும் ஒண்ணு இருக்கு. 1541-42ல ஒரெல்லானாங்கிற ஸ்பானியத் தலைவரோட கூட்டம் அமேசான் ஆத்துலயே இறங்கி அட்லாண்டிக் வரைக்கும் போச்சு, கூடப் போன காஸ்பார் தெ கார்வஹால் பாதிரியார், ஆத்தங்கரை நெடுக ஊருங்க, ஒரு இடத்துல அஞ்சு லீக் (ஒரு லீக் சுமாரா மூணு மைல்) தூரத்துக்கு வீட்டுக்கு வீடு இடைவெளியே இல்லைன்னு எழுதினார். அதோட சண்டை போடுற பொம்பளைங்க ராஜ்யத்தையும் எழுதினதால, பின்னாடி வந்தவங்க காட்டுல ஆளையே காணோம்னு சொன்னதால, மொத்தமும் புளுகுன்னு ரொம்ப காலம் தள்ளிட்டாங்க. ஒரெல்லானா மேல துரோகக் குற்றச்சாட்டு இருந்ததால அவரைக் காப்பாத்த எழுதினதுங்கிற சந்தேகமும் நியாயம்தான். ஆனா இப்போ அந்தப் படுகை முழுக்க மனுசக் கை பட்டு உருவான கரும்மண், மண் மேடு, பொலிவியா பக்கம் 2022ல லைடார்ல (வானத்துல இருந்து லேசர் விட்டு நிலத்தை அளக்குற முறை) தெரிஞ்ச பழைய கசராபே பண்பாட்டு ஊருங்கன்னு ஒவ்வொண்ணா வருது. கார்வஹால் சொன்ன அதே ஊரைக் கண்டுபிடிச்சுட்டாங்கன்னு நான் சொல்லல, அமேசான்ல பெரிய ஜனத்தொகை இருந்திருக்க முடியாதுங்கிற வாதம் செத்துப் போச்சுன்னு சொல்றேன். நடுவுல அம்மை மாதிரி நோயுங்க வந்து ஊருங்க காலியாச்சுங்கிறதுதான் இப்போ பெரும்பாலோர் ஏத்துக்கிற விளக்கம். பொம்பளைங்க ராஜ்யத்தையும் முன்ன சொன்ன மாதிரி பிரிங்க: பத்து பன்னெண்டு பெண்கள் முன்னணியில நின்னு சண்டை போட்டதை நாங்களே பாத்தோம்ங்கிறார், நடந்திருக்கலாம். அவங்க ராஜ்யம், ராணி, சட்டம் எல்லாம் பிடிபட்ட ஒரு ஆள்கிட்ட ஒரெல்லானா தானே சேத்து வச்ச சொல் பட்டியலை வச்சு விசாரிச்சது, அதுல எவ்வளவு தேறும்னு நீங்களே யோசிச்சுக்கங்க.

இவங்க எல்லாத்துலயும் எனக்கு மனசுக்கு நெருக்கமானவர் ரமோன் பானேங்கிற சாதாரணத் துறவி. கொலம்பஸ் சொல்லி டைனோ ஜனங்களோடயே தங்கி, அவங்க பேச்சைக் கத்துக்கிட்டு, 1498 வாக்குல அவங்க கதை, சாமி, வைத்தியம் எல்லாம் எழுதினார். எழுதும்போதே, இவங்களுக்கு எழுத்து கிடையாது, சொல்றது வரிசையா வரல, நானும் சரியா எழுதலை, முன்ன வர வேண்டியதைப் பின்னயும் பின்ன வர வேண்டியதை முன்னயும் போட்டிருப்பேன்னு நினைக்கிறேன், அவசரமா எழுதினேன், காகிதமும் பத்தலைன்னு சொல்லிடுறார். தன் குறையைத் தானே இப்படிச் சொல்ற ஆளை நம்பாம யாரை நம்புறது? துரதிர்ஷ்டம், அவர் எழுதின மூலமும் போச்சு, 1571ல வெனிஸ்ல வந்த இத்தாலிய மொழிபெயர்ப்புக்குள்ளதான் மிஞ்சியிருக்கு, அதனால சாமி பேருங்கள்ல எது எவ்வளவு சிதைஞ்சுதுன்னு இன்னும் வாதம் நடக்குது.

இன்னும் முடிவாகாத சண்டையையும் சொல்லிடுறேன். 1779ல ஹவாய்ல குக்கை அந்த ஜனங்க லோனோங்கிற தெய்வமா நினைச்சாங்களா? இலங்கைக்காரரான மானிடவியலாளர் கணநாத் ஒபேயசேகர 1992ல, அது ஐரோப்பியன் தன்னைப் பத்தித் தானே கட்டிக்கிட்ட புராணம்னு எழுதினார். அமெரிக்க மானிடவியலாளர் மார்ஷல் சாலின்ஸ் 1995ல, ஹவாய் ஜனங்களோட சொந்த உலகப் பார்வையை நீங்க அழிக்கிறீங்கன்னு பதில் புத்தகமே போட்டார். ஆதாரம் சாலின்ஸ் பக்கம் கொஞ்சம் ஜாஸ்திங்கிறது என் எண்ணம், ஆனா ஒபேயசேகர கேட்ட கேள்விக்கு அப்புறம் ‘எங்களைச் சாமின்னு நினைச்சாங்க’ங்கிற எந்த வரியையும் என்னால பழைய மாதிரி படிக்க முடியல.

கடைசியா, நேரம் இருந்தா நீங்களே செஞ்சு பாக்க ஒரு இடம் சொல்றேன். 1770 ஜூலை 19, குக் கப்பல் அடிபட்டு ஆஸ்திரேலியாவோட வடகிழக்குல எண்டெவர் ஆத்து முகத்துல ரிப்பேருக்கு நிக்குது. அங்க இருக்கிற குகு யிமித்திர் ஜனங்கள்ல சில பேர் கப்பலுக்கு வர்றாங்க, மேல்தளத்துல எட்டு ஒம்பது ஆமை கிடக்கு, ஒண்ணாவது கொடுங்கன்னு கேக்குறாங்க, கொடுக்கல. கோபமா இறங்கிப் போய் கரையில கப்பல்காரங்க கூடாரத்தைச் சுத்திக் காஞ்ச புல்லுக்குத் தீ வைக்கிறாங்க. குக் சுடுறார், ஒருத்தருக்கு அடி படுது. அப்புறம் ஒரு சின்ன உருவமா வயசானவர் முனையில்லாத ஈட்டியோட வந்து பேசுறார், சமாதானம் ஆகுது. குக்குக்கும் பேங்க்ஸுக்கும் ஏன் இவ்வளவு கோபம்னு சரியாப் புரியல, ஆனா நடந்ததை நடந்தபடி எழுதி வச்சாங்க. இப்போ அந்த இடத்துல இருக்கிற குக்டவுன் ஊர்ல அந்த மக்கள் இன்னைக்கும் இதைச் சொல்றாங்க, எங்க இடத்துல எங்க அனுமதியில்லாம அளவுக்கு மீறிப் பிடிச்சது, பங்கும் தரலை, எங்க முறைப்படி அது தப்பு, முனை ஒடிச்ச ஈட்டி சமாதானத்துக்குன்னு. குக், பேங்க்ஸ் ரெண்டு பேரோட டைரியும் இணையத்துல இலவசமாக் கிடைக்குது, ஜூலை 19 தேதிக் குறிப்பை ரெண்டுலயும் எடுத்து வச்சுக்கிட்டு, எது பாத்தது, எது ஊகம், எது தீர்ப்புன்னு கோடு போட்டுப் படிங்க, அப்புறம் குகு யிமித்திர் பெரியவங்க அதே நாளைப் பத்திச் சொல்றதைக் கேளுங்க. எங்கயாவது மாட்டிக்கிட்டா அந்த வரியை இங்க போடுங்க, சேந்து பாக்கலாம்.